இருபத்து நாலடிக் கூடமும் ஒரு எக்ஸும்

ஓர் அடி கூடத் தரமாட்டேன் என்ற முடிவோடுதான் தர்மராஜ் அன்றைக்குப் பாயைவிட்டு எழுந்தார். பல் விளக்கும்போது அந்த முடிவு இறுகியது. முகம் கழுவும்போது கெட்டியானது. டீயைக் குடித்து முடிப்பதற்குள், சூளைக்குள் போய் வெந்து வெளியே வந்த பீங்கான் மாதிரி ஆகிவிட்டது. உடைக்கத்தான் முடியும், வளைக்க முடியாது.

விஷயம் கூடம். விருத்தாசலத்தில் செராமிக் எஸ்டேட்டுக்குப் போகிற வழியில், தன் சொந்தச் சம்பாத்தியத்தில் தர்மராஜ் கட்டிய வீடு அது. மனை குறுகலாகக் கிடைத்ததால் கூடமும் குறுகலாக, பஸ்ஸுக்குள் நிற்கிற மாதிரி, தெருவாசலிலிருந்து அடுக்களை வரை நேராக ஓடும். நீளம் இருபத்து நாலு அடி. அந்த இருபத்து நாலு அடியும் அவருடைய சரக்கு. அகல் விளக்கு மூட்டைகள், வைக்கோலில் படுத்திருக்கிற பிள்ளையார் பொம்மைகள், ஊறுகாய் ஜாடிகள், காது உடைந்ததால் விலை குறைந்த டீக் கோப்பைகள். நடுவில் ஆள் நடக்க ஒரு சந்து. அந்தச் சந்திலும் கார்த்திகை நெருங்க நெருங்க மூட்டை வந்து உட்கார்ந்துகொள்ளும்.

அந்தக் கூடத்தில்தான் அவர் மனைவி அன்புக்கரசி இடம் கேட்டாள்.

தர்மராஜ் லேசான ஆள் இல்லை. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் அவரை விட்டது. அவர்தான் பள்ளிக்கூடத்தை விட்டார் என்று அவர் தரப்பில் சொல்வதுண்டு. மீசை முளைக்கும் முன்னே சைக்கிள் கேரியரில் கோப்பைகளைக் கட்டிக்கொண்டு மங்கலம்பேட்டைக்குப் போனார். அந்த ஊர்ப் பெண்கள் கோப்பையை விரலால் ஒரு தட்டுத் தட்டி, ஓசையை வைத்தே விலையைப் பாதியாக்குவார்கள். புருஷன்மார் துபாயில் இருந்தார்கள், சாமர்த்தியம் மொத்தமும் இவர்களிடம் இருந்தது. அங்கே ஒரு மழைக்காலம் தாக்குப் பிடித்தவன் உலகத்தில் எந்தச் சந்தையிலும் பிழைத்துக்கொள்வான். தர்மராஜ் தாக்குப் பிடித்தார். பேரத்தின் நடுவில் கோபித்துக்கொண்டு எழுந்து போவதும், தெருமுனை வரை போய்விட்டு ஏதோ மறந்தவர் போலத் திரும்பி வருவதும் அங்கே கற்ற வித்தை. அந்தக் கோபத்தில் பாதி நிஜம், பாதி சரக்கு. எது எந்தப் பாதி என்பது சில நேரம் அவருக்கே தெரியாது.

அன்புக்கரசி கணக்கில் பி.எஸ்சி. படித்தவள். கல்யாணமான நாளிலிருந்து அவள் குரல் ஏறியதில்லை, அவர் குரல் இறங்கியதில்லை. அதனால் வீட்டில் எப்போதும் தானே ஜெயிப்பதாக தர்மராஜ் நம்பிவந்தார்.

எல்லாம் எதிர்வீட்டு ராஜாம்பாளால் ஆரம்பித்தது. பொம்மைக்குக் கண் எழுதுகிற வேலை பார்த்துக்கொண்டிருந்தவள் அவள். அன்புக்கரசியோடு கீரை ஆய்ந்துகொண்டே கணக்குக் கேட்டுக் கேட்டு, குரூப் ஃபோர் பரீட்சை எழுதி, பாஸாகி, இப்போது திட்டக்குடியில் தாலுகா ஆபீஸில் ஃபேனுக்குக் கீழே உட்கார்ந்திருக்கிறாள். அதைப் பார்த்ததிலிருந்து பொம்மைக் கம்பெனிகளில் வேலை பார்க்கிற பெண்கள் ஒவ்வொருத்தராக இந்த வீட்டுக் கொல்லைப்புறத்துக்கு வந்து சேர்ந்தார்கள்.

அவர்களுக்குக் கூட்டல் தெரியும், கழித்தல் தெரியும். ஆனால் அதையே கதையாக எழுதிக் கேட்டால் மிரண்டுவிடுவார்கள். 'ஒருவனிடம் உள்ள மாம்பழங்கள் மற்றவனிடம் உள்ளதைப் போல் இரு மடங்கைவிட மூன்று குறைவு' என்று படித்ததும், மாம்பழமும் வேண்டாம் பரீட்சையும் வேண்டாம் என்று எழுந்துவிடுவார்கள். அன்புக்கரசியின் கெட்டிக்காரத்தனமே அங்கேதான். எப்பேர்ப்பட்ட கதையாக இருந்தாலும் ஒருமுறை காதில் வாங்குவாள். மீனிலிருந்து முள்ளை உருவுவது மாதிரி அதிலிருந்து ஒரு சமன்பாட்டை உருவி வெளியே வைப்பாள். மிச்சமிருக்கிற கதையைத் தூக்கிப் போட்டுவிடலாம்.

ஐப்பசி மழை வந்தது. கொல்லைப்புறம் குளமானது. பரீட்சைத் தேதியும் வந்துவிட்டது. கூடத்தில் இடம் கிடைத்தால் வகுப்பு உண்டு, இல்லாவிட்டால் அத்தனை பேரும் திரும்பவும் பொம்மைக்குக் கண் எழுதப் போகவேண்டியதுதான். அந்தப் பெண்களிடம் நாளை பதில் சொல்கிறேன் என்று அன்புக்கரசி முந்தின நாள் சொல்லி அனுப்பியிருந்தாள். அதனால்தான் இந்தக் காலை, இந்தப் பீங்கான் முடிவு.

தர்மராஜ் டீ டம்ளரைக் கீழே வைத்துவிட்டு அவரே ஆரம்பித்தார்.

"பாதி கேப்ப. தெரியும். முடியாது."

"பாதி கேக்கலீங்க."

எதிராளி கேட்காததை மறுத்துவிட்ட வியாபாரியின் கதி என்னவோ அது தர்மராஜுக்கு நேர்ந்தது. அவள் வெண்டைக்காயை நறுக்கிக்கொண்டே சொன்னாள்.

"என் பங்கு எவ்வளவோ, உங்க பங்கு அதவிட எட்டு அடி கூடவே இருக்கட்டும். உங்களுக்குச் சரக்கு இருக்குதுல்ல."

ஒரு அடி கூடத் தராத முடிவு எங்கே போனது என்று தர்மராஜ் தேடவில்லை. ஒரு விலை சொல்லப்பட்டுவிட்டது. விலை சொல்லப்பட்ட பிறகு பேரம் பேசாமல் எழுந்து போவது அவர் உடம்பில் இல்லை.

"எட்டு அடி கூடவா? யாருக்குப் பிச்சை போடுற? வூடு யாரு கட்டுனது?"

"நீங்கதான்."

"அப்ப? எனக்கு உன்னுதுல ரெண்டு மடங்கு வேணும்."

அவள் நறுக்குவதை நிறுத்தினாள். கன்னத்தில் கை வைத்தாள். முந்தானை நுனியை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்தாள். ரெண்டு மடங்கு என்பது ரொம்ப அதிகம் இல்லையா, நியாயமாகப் பேசக் கூடாதா என்று சன்னமாகக் கேட்டாள். தர்மராஜ் மோட்டுவளையைப் பார்த்தார். அடுப்பில் குழம்பு பொங்கி வழிந்தது.

"சரி, வுடுங்க. ரெண்டு மடங்கே வச்சுக்குங்க."

இங்கேதான் தர்மராஜுக்குச் சந்தேகம் தட்டியது. இவ்வளவு சீக்கிரம் இறங்குகிறாள் என்றால் இன்னும் இறங்குவாள். செருப்பை மாட்டினார். கோபித்துக்கொண்டு தெருமுனை வரை போனார். மழைத் தூறலில் ஒரு நிமிஷம் நின்றார். குடையை மறந்தவர் போலத் திரும்பி வந்தார்.

"மூணு மடங்கு."

அன்புக்கரசியின் முகம் விழுந்துவிட்டது. மூன்று மடங்கு என்றால் பெண்கள் என்ன, தானே ஒண்டிக்கொள்ள இடம் இருக்காது என்றாள். அவர் அசையவில்லை. கொஞ்சமாவது இறங்கி வரக் கூடாதா என்றாள். இறங்குவது தன் பரம்பரையிலேயே கிடையாது என்றார். அவருடைய அப்பா வயலில் வேலை செய்தவர், கிணற்றில்தான் அதிகம் இறங்கியவர். ஆனால் பேச்சு என்று வந்தால் அதெல்லாம் பார்க்க முடியாது.

"அப்படின்னா ஒண்ணு பண்ணுங்க. என் பங்குல மூணு மடங்கு போட்டுக்குங்க. அதுல ஒரு எட்டு அடி மட்டும் கழிச்சுக்குங்க. மிச்சம் உங்களுது. அந்த எட்டு அடியாச்சும் எனக்காகப் பாக்கக் கூடாதா?"

தர்மராஜுக்கு உள்ளுக்குள் ஏதோ இளகியது. எட்டு அடி கூட என்று ஆரம்பித்தவளை ரெண்டு மடங்குக்கு இழுத்து, ரெண்டு மடங்கிலிருந்து மூன்று மடங்குக்கு ஏற்றியாகிவிட்டது. அதிலிருந்து ஒரு பிசாத்து எட்டு அடி. மங்கலம்பேட்டையில் ஜெயிச்சவன் வீட்டில் கொஞ்சம் தாராளமாக இருந்தால் என்ன குறைந்துவிடும்.

"போ. எட்டு அடிதானே. கழிச்சுக்க."

கையை நீட்டினார். அவள் ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு தொட்டாள். பேரம் முடிந்தது. கை கொடுத்த பிறகு பேச்சு மாறக் கூடாது, அது அவர் தொழில் தர்மம்.

அளந்து கோடு போட எதிர்ச்சாரியிலிருந்து கொளஞ்சிநாதனைக் கூப்பிட்டார்கள். சர்வேயர்களோடு காடு மேடெல்லாம் சங்கிலி பிடித்து ரிட்டையரானவர் அவர். வீட்டில் உப்பு இல்லாமல் இருந்தாலும் இருக்கும், டேப்பு இல்லாமல் இருக்காது. அன்புக்கரசி எட்டு அடி என்று சொன்னாள். அவர் அடுக்களைப் பக்கத்திலிருந்து எட்டு அடி அளந்து சாக்பீஸால் குறுக்கே ஒரு கோடு கிழித்தார். மிச்சம் பதினாறு அடி தர்மராஜுக்கு.

தர்மராஜ் கோட்டுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தார். பார்வைக்கு ரெண்டு மடங்கு மாதிரிதான் தெரிந்தது. ஆனால் பேசியது மூன்று மடங்கு. பேச்சைவிடப் பார்வை பெரிதா என்று சமாதானமாகி, அன்றைக்கே பெண்ணாடத்துக்குச் சரக்கு போடக் கிளம்பினார். போகிற வழியில் ஒரு டீக்கடை விடாமல் இந்தக் கதையைச் சொன்னார். ஒவ்வொரு கடையிலும் அவர் வாங்கிய மடங்கு ஒன்று கூடியது. சர்க்கரை ஆலை வாசலுக்குப் போய்ச் சேரும்போது ஏழு மடங்காகியிருந்தது.

வகுப்பு ஆரம்பமானது. சாயங்காலம் கம்பெனி விட்டதும் விரலில் சாயம் காயாமல் பெண்கள் வருவார்கள். எட்டு அடிக்குள் முழங்கால் இடிக்க உட்காருவார்கள். கோட்டுக்கு இந்தப் பக்கம் மூட்டைகள் சுவர் மாதிரி நிற்கும். மூட்டைகளுக்குப் பின்னால் தர்மராஜ் அகல் விளக்குகளை வைக்கோல் வைத்துக் கட்டிக்கொண்டிருப்பார். காது இரண்டும் அந்தப் பக்கம் இருக்கும்.

முதலில் சண்டைதான் போட்டார். ஒரு தகப்பனின் வயது மகனின் வயதைப் போல் மூன்று மடங்கு, இருவர் வயதையும் கூட்டினால் இவ்வளவு, மகனின் வயது என்ன என்று அன்புக்கரசி கேட்டாள். பெற்ற பிள்ளையின் வயசு தெரியாதவன் தன் வயசை மட்டும் எப்படித் தெரிந்துவைத்திருக்கிறான், ரேஷன் கார்டை எடுத்துப் பார்த்தால் தெரிந்துவிடுகிறது என்று மூட்டைக்குப் பின்னாலிருந்து முணுமுணுப்பு வந்தது. பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

அடுத்த நாள் விருத்தாசலத்திலிருந்து ஒரு பஸ்ஸும் பெண்ணாடத்திலிருந்து ஒரு பஸ்ஸும் எதிரெதிரே கிளம்பின. இரண்டும் எங்கே சந்திக்கும் என்பது கேள்வி. தர்மராஜால் பொறுக்க முடியவில்லை.

"முன்னாடி கரும்பு டிராக்டரு போவுதா இல்லியா, அதச் சொல்லு மொதல்ல."

"டிராக்டர் இல்லன்னு வச்சுக்குவோங்க," என்றாள் அன்புக்கரசி, போர்டைவிட்டுத் திரும்பாமல்.

"ஆலை ஓடுற நேரத்துல டிராக்டரு இல்லாத ரோடா? அப்ப அது நம்ம ஊரு பஸ்ஸு இல்ல."

ஆனால் நாள் போகப் போக முணுமுணுப்பு குறைந்தது. அவருக்கே தெரியாமல் வைக்கோல் கட்டுகிற கை நின்று நின்று போனது. 'அதிகம்' என்றால் கூட்டு. 'குறைவு' என்றால் கழி. 'மடங்கு' என்றால் பெருக்கு. 'ஆகும்' என்றால் சமம். இவ்வளவுதானா என்று இருந்தது. இவ்வளவும் இத்தனை நாள் தமிழுக்குள்ளேயே ஒளிந்துகிடந்ததா என்றும் இருந்தது.

தர்மராஜின் வாழ்க்கை முழுவதும் எதிராளியின் மனதுக்குள் ஒளிந்திருக்கிற விலையைக் கண்டுபிடிப்பதிலேயே போயிருக்கிறது. அதற்காக எவ்வளவு கத்தியிருக்கிறார், எத்தனை தெருமுனைகளுக்கு நடந்திருக்கிறார், எத்தனை தரம் சத்தியம் செய்திருக்கிறார். இவள் என்னடாவென்றால் எதிராளியின் முகத்தைக்கூடப் பார்க்காமல், அந்த ஒளிந்திருக்கிறவனுக்கு எக்ஸ் என்று ஒரு பேர் வைக்கிறாள். அவன் தானாக எழுந்து வந்து போர்டில் நின்றுவிடுகிறான். ஒரு சத்தம் கிடையாது, ஒரு சத்தியம் கிடையாது. இவளை அந்தக் காலத்திலேயே மங்கலம்பேட்டைக்குக் கூட்டிப் போயிருந்தால் இந்நேரம் சூளையே சொந்தமாக இருந்திருக்கும் என்று தர்மராஜ் மூட்டைக்குப் பின்னால் பெருமூச்சு விட்டார். அதை வெளியே சொல்லவில்லை. சொன்னால் விலை ஏறிவிடும்.

அப்படியே போயிருந்தால் நன்றாக இருந்திருக்கும். ஒரு சாயங்காலம் அன்புக்கரசி பெண்களை மூன்று வரிசையாகப் பிரித்தாள்.

ஒரு கூடம், நீளம் இருபத்து நாலு அடி என்று ஆரம்பித்தாள். புருஷன் கத்திக் கத்திப் பேரம் பேசி, பெண்டாட்டியோடு பிரித்துக்கொள்கிறான். முதல் வரிசைக்கு, புருஷன் பங்கு பெண்டாட்டி பங்கைவிட எட்டு அடி அதிகம். இரண்டாம் வரிசைக்கு, புருஷன் பங்கு பெண்டாட்டி பங்கைப் போல் இரண்டு மடங்கு. மூன்றாம் வரிசைக்கு, மூன்று மடங்கில் எட்டு அடி குறைவு. பெண்டாட்டியின் பங்கு எவ்வளவு?

தர்மராஜின் கையில் ஒரு அகல் விளக்கு இருந்தது. அதை வைக்கவும் இல்லை, கட்டவும் இல்லை.

சாக்பீஸ் சத்தம் கொஞ்ச நேரம் கேட்டது. முதல் வரிசையில் ஆண்டாள் என்ற பெண், பொம்மைக் கம்பெனி முழுக்கக் கேட்கிற குரல் அவளுக்கு, எட்டு என்றாள். இரண்டாம் வரிசை தங்களுக்கும் எட்டு என்றது. மூன்றாம் வரிசை அடித்து அடித்துப் போட்டுவிட்டு, எட்டு என்று தயங்கிச் சொன்னது.

"என்னா டீச்சர், மூணும் எட்டா?" என்றாள் ஆண்டாள். "அப்ப அந்த ஆளு எதுக்கு அவ்ளோ நேரம் கத்துனாரு?"

"அவருக்குக் கத்துனாத்தான் ஜெயிச்ச மாதிரி இருக்கும்."

மூட்டைக்குப் பின்னால் ஒரு விளக்கு உடைந்தது.

பெண்கள் போகிற வரை தர்மராஜ் வெளியே வரவில்லை. உட்கார்ந்த இடத்திலேயே ஒரு சாக்பீஸ் துண்டைத் தேடி எடுத்து, அகல் மூட்டையின் முதுகில் கணக்கைப் போட்டுப் பார்த்தார். எக்ஸும் எக்ஸும் எட்டும். எட்டு வந்தது. எக்ஸும் ரெண்டு எக்ஸும். எட்டு வந்தது. மூன்றாவதில் நாலு எக்ஸில் எட்டைக் கழிக்கவேண்டும், கழித்தார், பிறகு எட்டை அந்தப் பக்கம் கொண்டுபோய்க் கூட்டினார், நாலால் வகுத்தார். எட்டு சிரித்துக்கொண்டே வந்து நின்றது.

நியாயமாகப் பார்த்தால் அவருக்குக் கோபம் வந்திருக்கவேண்டும். வந்தது. ஆனால் அதற்கு முன்னால் வேறொன்று வந்தது. ரெண்டு தரம் அவர் விலையை ஏற்றியிருக்கிறார். ரெண்டு தரமும் அவள் கன்னத்தில் கை வைத்து, முகத்தைத் தொங்கப்போட்டு, குழம்பைக்கூடப் பொங்க விட்டு, அந்த எட்டை இடத்தைவிட்டு அசையாமல் வைத்திருக்கிறாள். வண்டியைத் தள்ளத் தள்ள வண்டி நிற்கிற இடத்திலேயே நிற்கிறது, தள்ளுகிறவன் மட்டும் ஊர்போய்ச் சேர்ந்துவிட்டதாகப் பெண்ணாடம் வரை சொல்லிக்கொண்டு திரிந்திருக்கிறான். அடேயப்பா என்று அவர் வாயிலிருந்து தன்னையறியாமல் வந்தது. பிறகுதான் கோபம்.

கத்துவதில் பிரயோஜனமில்லை. கத்திக் கத்தித்தான் எட்டு வந்தது. அவள் ஆயுதத்தைக்கொண்டே அவளை அடிப்பது என்று முடிவெடுத்தார். கார்த்திகைக்கு ரெண்டு லோடு விளக்கு வரப்போகிறது. அதற்கு இருபது அடி வேண்டும். அந்த இருபது அடியைச் சமன்பாடு போட்டே வாங்கவேண்டும்.

அன்றிலிருந்து அவரைப் போலப் பாடம் கேட்ட மாணவர் அந்த வகுப்பில் இல்லை. எல்லா மூட்டைகளின் முதுகிலும் கணக்கு ஏறியது. புதுப் புதுக் கணக்குகள் வந்ததும், இந்தப் பக்கத்து எண்ணை அந்தப் பக்கம் அனுப்பும்போது அடையாளத்தை மாற்ற மறந்தார். பெண்ணாடம் பஸ்ஸு ரிவர்ஸில் போய் ஆற்றைத் தாண்டியது. ஒரு மகன் தகப்பனுக்கு முன்னாலேயே பிறந்தான். விடவில்லை. மாமியார் வீட்டுப் பக்கம் போனால் கூட்டலும் கழித்தலாகிவிடும் என்று தனக்குப் புரிகிற மாதிரி ஒரு விதி வைத்துக்கொண்டார். அதற்குப் பிறகு பஸ்ஸு நேராகப் போனது.

அன்புக்கரசிக்குத் தெரியாமலில்லை. ஒரே மூட்டையை மனுஷன் திரும்பத் திரும்பக் கட்டிக்கொண்டிருந்தால் எவளுக்குத் தெரியாது. கடினமான கணக்கு வரும்போது அவள் மூட்டைகளின் பக்கம் திரும்பி நின்று, கொஞ்சம் சத்தமாக, ஒவ்வொரு வரியையும் இரண்டு தரம் சொன்னாள். தான் ஒட்டுக்கேட்பதற்கு இவ்வளவு வசதி எப்படிக் கிடைக்கிறது என்று தர்மராஜ் யோசிக்கவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் கொளஞ்சிநாதனை டேப்போடு வரச்சொன்னார். அன்புக்கரசியைக் கூடத்துக்கு அழைத்தார்.

"லோடு வருது. கூடத்தைத் திரும்பப் பிரிக்கணும். இந்த வாட்டி பேரம் கெடையாது. கணக்கு."

கை கொடுத்த பேச்சாயிற்றே என்று அவள் நினைவுபடுத்தினாள். மூன்று எட்டைக் காட்டிக் கை வாங்கினவள் அதைப் பற்றிப் பேசலாமா என்று அவர் கேட்டார். அதில் ஒரு நியாயம் இருப்பதாக அவள் ஒத்துக்கொண்டாள்.

"சரிங்க. ஆனா இதுதான் கடைசி. இதுக்கு மேல மாத்தக் கூடாது."

"கை குடு."

கொடுத்தாள்.

"கணக்கை நான்தான் போடுவேன்," என்றார் தர்மராஜ். "பிரிக்கிறதும் நான்தான். நடுவுல ஒருத்தரும் வாயத் தொறக்கக் கூடாது."

"முழுக்க நீங்களே பிரிக்கிறீங்களா?"

"முழுக்க நானே."

"கொளஞ்சி அண்ணே, கேட்டுக்கிட்டீங்களா?"

கொளஞ்சிநாதன் தலையாட்டினார். அவர் முகத்தில் ஏதோ ஒன்று ஓடி மறைந்தது. தர்மராஜ் அதைக் கவனிக்கும் நிலையில் இல்லை. சாக்பீஸை எடுத்துச் சட்டைக் கையை மடித்துவிட்டு, தரையில் மண்டியிட்டு உட்கார்ந்தார். ஒரு பங்கு எக்ஸ், இன்னொரு பங்கு அதில் அஞ்சு மடங்கு என்று வாயால் சொல்லிக்கொண்டே எழுதினார்.

x + 5x = 24
6x = 24
x = 4

சம அடையாளங்கள் ஒன்றன்கீழ் ஒன்றாக நின்றன. அன்புக்கரசி குனிந்து ஒவ்வொரு வரியாகப் படித்தாள். அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. அதில் நடிப்பு இல்லை என்பது தர்மராஜுக்கே தெரிந்தது.

"ஒரு தப்பு இல்லீங்க. எவ்வளவு அழகா போட்டிருக்கீங்க." பிறகு மெதுவாக, "வேற ஒண்ணும் எழுத வேணாமா?"

"என்னா எழுதணும்? முடிஞ்சி போச்சு. அளங்க அண்ணே."

கொளஞ்சிநாதன் அடுக்களைச் சுவரிலிருந்து நாலு அடி அளந்து புதுக்கோடு கிழித்தார். அந்தப் பக்கம் நாலு அடிச் சந்து. இந்தப் பக்கம், தெருவாசலை ஒட்டி, காற்றும் வெளிச்சமுமாக இருபது அடி. தர்மராஜ் எழுந்து முழங்காலைத் தட்டிக்கொண்டார். ஆயுளில் முதல் தடவையாகக் கத்தாமல் ஜெயித்திருக்கிறார். அது ஒரு தனி ருசியாக இருந்தது.

"அப்ப நான் எடுத்துக்கட்டுங்களா?" என்று கேட்ட அன்புக்கரசி, கரும்பலகையைத் தூக்கிக்கொண்டு வந்து இருபது அடியின் நடுவில் சாய்த்து வைத்தாள்.

தர்மராஜுக்குப் புரியவில்லை. அந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்று கையைக் காட்டினார்.

கொளஞ்சிநாதன் டேப்பைச் சுருட்டினார்.

"தம்பி, நான் இந்தத் தாலுகாவுல சங்கிலி பிடிச்ச எந்தப் பாகப்பிரிவினையிலயும் பிரிச்சவன் மொதல்ல எடுத்ததில்ல. ஒருத்தன் பிரிப்பான், இன்னொருத்தன் தனக்கு வேணுங்கிற பக்கத்த எடுப்பான். இல்லாட்டிப் பிரிக்கிறவன் தனக்குப் பெருசா வெட்டிக்குவான்ல?"

"அது நெலத்துக்கு. இது கூடம்."

"அளந்தா எல்லாம் நெலந்தான்."

"அண்ணே, அதுல எக்ஸுன்னு போட்டிருக்கேனே, அது அவ பங்கு."

"எங்கங்க எழுதியிருக்கீங்க?" என்றாள் அன்புக்கரசி.

தர்மராஜ் குனிந்து தரையைப் பார்த்தார். எக்ஸ் இருந்தது. அஞ்சு எக்ஸ் இருந்தது. இருபத்து நாலும் நாலும் இருந்தன. யார் எக்ஸ் என்று மட்டும் எங்கேயும் இல்லை.

"எக்ஸ் யாருன்னு எழுதாம கணக்க ஆரம்பிக்கவே கூடாதுங்க. மொத நாளு பாடமே அதுதான். அன்னிக்கு நீங்க பெண்ணாடத்துல இருந்தீங்க."

கோபம் அடிவயிற்றிலிருந்து கிளம்பியது. நெஞ்சு வரை வந்தது. தெருமுனைக்குப் போகலாம் என்று கால் செருப்பைத் தேடியது. போய்விட்டுத் திரும்பி வந்தாலும் தரையில் இதே கணக்குத்தான் இருக்கும், தன் கையெழுத்தில், ஒரு தப்பும் இல்லாமல். அவர் பிரித்த கணக்கு, அவர் கூட்டிவந்த சாட்சி, அவர் கேட்டு வாங்கிய கை. இவ்வளவையும் அவர் கையாலேயே செய்யவைத்துவிட்டு, ஒரு கேள்வி கேட்டு நியாயமாக எச்சரிக்கையும் செய்துவிட்டு நிற்கிறாள். நெஞ்சு வரை வந்த கோபம் அங்கே வழி தெரியாமல் கொஞ்ச நேரம் நின்றது, பிறகு சிரிப்பாக வெளியே வந்தது.

"பாத்தீங்களா அண்ணே," என்றார் கொளஞ்சிநாதனிடம், தன் சரக்கைப் பற்றிப் பேசுகிற பெருமையோடு. "எப்புடி மடக்குறா பாத்தீங்களா."

மறுநாள் சாயங்காலம் இருபது அடியில் பெண்கள் கால் நீட்டி உட்கார்ந்திருந்தார்கள். புதிதாக இன்னொரு வரிசையும் சேர்ந்திருந்தது. அடுக்களை ஓரத்து நாலு அடியில் அகல் மூட்டைகள் ஒன்றன்மேல் ஒன்றாகக் கூரை வரை ஏறியிருந்தன. அவற்றின் உச்சியில், தலை உத்தரத்தில் இடிக்க, கழுத்தைச் சாய்த்துக்கொண்டு தர்மராஜ் விளக்கு கட்டிக்கொண்டிருந்தார். கீழேயிருந்து அடுப்புப் புகை வந்துகொண்டிருந்தது. ஒரு தும்மல் தும்மிவிட்டு, வகுப்பின் நடுவில் மெதுவாகக் கூப்பிட்டார்.

"அன்பு. ஒரு ரெண்டு அடி மட்டும் பாத்துப் போட்டுக் குடேன்."

அன்புக்கரசி போர்டைவிட்டுத் திரும்பவில்லை.

"வாயால கேக்காதீங்க. சமன்பாடா எழுதிக்கிட்டு வாங்க, பாக்கலாம்."